விளிம்பு தேய்த்த கிளாஸ்

டீக்கடையிலோ ஓட்டலிலோ பொதுமக்கள் உபயோகத்துக்கென்று வைத்திருக்கும் பாத்திரத்தை, தீண்டாமையைக் காரணம் காட்டி ஒருவருக்குக் கொடுக்க மறுத்தால் அது குற்றம்; சிறையோ அபராதமோ இரண்டுமோ விதிக்கலாம். 1955ஆம் ஆண்டின் தீண்டாமைக் குற்றச் சட்டம், நான்காம் பிரிவு. வருவாய்த் துறையில் இளநிலை உதவியாளராகச் சேர்ந்து துணை வட்டாட்சியராக ஓய்வுபெற்றவள் என்பதால் இப்படிப்பட்ட பிரிவுகள் எனக்குத் தூக்கத்திலும் வரும். சட்டம் வந்த மறுவருடம், ஓசூரிலிருந்து பாகலூர் போகும் சாலையில் என் அப்பா நடத்திய டீக்கடையில் யாருக்கும் பாத்திரம் மறுக்கப்படவில்லை. எல்லோருக்கும் கண்ணாடி கிளாஸ்தான். விளிம்பு முழுசாக இருந்த கிளாஸ் உள்ளே பெஞ்சில் உட்காருகிறவர்களுக்கு. விளிம்பு உடைந்த கிளாஸ் வெளியே மண்ணில் குந்துகிறவர்களுக்கு. சட்டம் எழுதியவர்களுக்கு இவ்வளவு கற்பனை இருந்திருக்காது.

கண்ணாடியை ஈரக் கல்லில் வைத்துத் தேய்க்கும் சத்தம் கேட்டிருக்கிறீர்களா? பல் கூசும். பின்கழுத்தில் மயிர் எழும். முதலில் கரகரவென்று ஆரம்பித்து, மணல் பொடியப் பொடியச் சீறலாகி, கடைசியில் பட்டுத்துணி கிழிகிற மாதிரி மெலிந்து அடங்கும். கடைக்குப் பின்னால், ஒற்றைச் சுவருக்கு இந்தப் பக்கம் இருந்த எங்கள் வீட்டுக் கொல்லையில், மதியக் கூட்டம் ஓய்ந்த பிறகு அம்மா எழுப்பிய சத்தம் அது. அப்பாவுக்கு அது பிடிக்காது. அப்பாவுக்குப் பிடிக்காத விஷயங்களை அவர் வாயால் சொல்வது அபூர்வம். கைக்கு எட்டிய கரண்டியோ விறகுக்கட்டையோ அவருக்காகப் பேசும். வாடிக்கையாளரிடம் மட்டும் அவர் குரல் நெய் விட்டது போல இருக்கும்.

அம்மாவின் பிறந்த வீடு கிருஷ்ணகிரி. அங்கே அவள் அப்பா கோலி சோடா போடும் "கம்பெனி" வைத்திருந்தார். கம்பெனி என்றால் ஒரு கொட்டகை, ஒரு இயந்திரம், இரண்டு ஆட்கள். பாட்டில் வாய் சின்னதாக உடைந்தால் தூக்கிப் போடமாட்டார்கள், தேய்த்துச் சரிசெய்வார்கள். அந்த வேலையைப் பார்த்து வளர்ந்தவள் அம்மா. சமதளமான கருங்கல் பலகை, சலித்த ஆற்று மணல், தண்ணீர். கிளாசைத் தலைகீழாகக் கவிழ்த்து, உள்ளங்கையால் அடிப்பக்கத்தை அழுத்தி, எட்டு போடுகிற மாதிரி சுற்றிச் சுற்றித் தேய்க்க வேண்டும். வட்டமாகவே தேய்த்தால் ஒரு பக்கம் சாய்ந்துவிடும். மணல் காயக் கூடாது. காய்ந்தால் சூடேறிக் கிளாஸ் தெறிக்கும். தெறித்தால் நேராக மணிக்கட்டுக்குத்தான் வரும். விளிம்பு மட்டமானதும் உள்ளேயும் வெளியேயும் முனை மழுங்க உப்புத்தாள் போட்டு, அப்புறம் ஈரத்துணியில் உமிச்சாம்பல் தொட்டு மெருகேற்றுவாள். விளிம்பில் விரலை ஓட்டிப் பார்த்துவிட்டு, கடைசியில் தன் கீழுதட்டையே வைத்து ஒரு சுற்றுச் சுற்றிப் பார்ப்பாள். விரல் பொய் சொல்லும், உதடு சொல்லாது என்பது அவள் கணக்கு.

விரிசல் விட்ட கிளாசுக்கு வைத்தியம் இல்லை. சுண்ணாம்பையும் முட்டை வெள்ளைக்கருவையும் குழைத்து ஒட்டலாம். ஆறின தண்ணீர் தாங்கும், சூடான டீ ஊற்றினால் இரண்டாகப் பிளந்து தொடையில் கொட்டும். அதனால் விரிசல் கிளாசில் உப்போ பெருங்காயமோ போட்டு வைப்பாள். உடைந்த விளிம்புக்குத்தான் கல். உடைப்பு எவ்வளவு ஆழமோ அவ்வளவு ஆழத்துக்கு முழு விளிம்பையும் இறக்க வேண்டும் என்பதால், தேய்த்து முடித்த கிளாஸ் மற்றதைவிடக் கொஞ்சம் குட்டையாக இருக்கும். தனியாகப் பார்த்தால் தெரியாது. பக்கத்தில் இன்னொன்றை வைத்தால் தெரியும்.

ஆரம்பத்தில் அவள் உள் கிளாஸ்களை மட்டும்தான் தேய்த்தாள். வெளி கிளாஸ்களை அவள் தொடும்படி செய்தவர் திம்மராயன்.

திம்மராயன் கிணறு வெட்டுகிறவர். பாறையில் துளை போட்டு வெடிமருந்து கெட்டித்துத் திரி கொளுத்துவதில் கெட்டிக்காரர் என்பார்கள். எனக்குத் தெரிந்து அவரிடம் வெடித்ததெல்லாம் வாய்தான். தமிழில் ஆரம்பித்து, தெலுங்கில் திட்டி, கன்னடத்தில் முடிப்பார். சாலைக்கு அந்தப் பக்கத்து சேரிக்காரர் என்பதால் வெளியே கூரைத் தாழ்வாரத்துப் பலகையில் கவிழ்த்திருக்கும் கிளாஸ்களில் ஒன்றைத் தானே எடுத்து, கழுவி, அப்பா மேலேயிருந்து ஊற்றும் டீயைப் பிடித்துக் குடித்து, மறுபடி கழுவிக் கவிழ்த்துவிட்டுப் போக வேண்டும். அவர் எப்போதும் ஒரே கிளாசைத்தான் எடுப்பார். விளிம்பில் இரண்டு இடத்தில் உடைந்தது. அதற்கு "கிழவி" என்று பேர் வைத்திருந்தார்.

"இன்னா கெழவி, இன்னிக்கும் நான்தானா ஒனக்கு? இருக்கிற ரெண்டு பல்லையும் வெச்சுக் கடிக்காதடி" என்பார். உள்ளே பெஞ்சில் இருப்பவர்கள்கூட டீ புரையேறச் சிரிப்பார்கள். அவர் வெளியே இருக்கிறவரைக்கும் அந்தச் சிரிப்பில் யாருக்கும் ஆட்சேபம் இல்லை.

ஒருநாள் கிழவி நிஜமாகவே கடித்துவிட்டாள். மேலுதடு பிளந்து ரத்தம் டீயில் இறங்கியது. அவர் மிச்ச டீயைக் கீழே கொட்டாமல் குடித்து முடித்தார். காசு கொடுத்த டீ. அப்பா அங்கிருந்தே, "ரெண்டு வாட்டி கழுவி வெய்யிடா" என்றார். அம்மா அன்று மதியம் வெளிப் பலகையில் இருந்த அத்தனை கிளாஸ்களையும் முந்தானையில் அள்ளிக்கொண்டு கொல்லைக்கு வந்தாள்.

"அது வெளி கிளாசுடி. அதுக்கு எதுக்கு மெருகு?" என்றார் அப்பா.

"ஒடஞ்சத வூட்ல வெச்சா வெளங்காது."

"அது வூட்லயா இருக்குது? வெளியதானே இருக்குது?"

"அதுல வர்ற காசு வூட்லதானே இருக்குது" என்றாள் அம்மா. கரண்டி பறந்து வந்து முதுகில் விழுந்தது. அவள் தேய்ப்பதை நிறுத்தவில்லை. என் அம்மாவை நான் சீர்திருத்தவாதி என்று சொல்லமாட்டேன். திம்மராயனை உள்ளே வந்து உட்காரச் சொல்லும் எண்ணம் அவளுக்குக் கனவிலும் வந்திருக்காது. உடைந்த விளிம்பைப் பார்த்தால் கை அரிக்கும், அவ்வளவுதான்.

மறுநாள் திம்மராயன் கிளாசை வெயிலில் தூக்கிப் பிடித்துப் பார்த்தார். விளிம்பில் விரலை ஓட்டினார். "அம்மா, என் கெழவிய கொமரி ஆக்கிட்டீங்களே! ஆளுதான் கொஞ்சம் குள்ளமாப் போயிட்டா" என்று சுவருக்கு மேலாகக் கத்தினார். அன்று முழுவதும் அம்மாவின் முகம் நன்றாக இருந்தது.

அப்படியாக எங்கள் கடையில் உள்ளே இருந்த கிளாசுக்கும் வெளியே இருந்த கிளாசுக்கும் இருந்த வித்தியாசத்தை அம்மா தேய்த்து அழித்துவிட்டாள். யாரும் அதைக் கவனிக்கவில்லை. இடம் வேறாக இருக்கும்வரை கவனிக்க வேண்டிய அவசியமும் இல்லை.

ஐப்பசியில் ஒரு சந்தை நாள். விடிவதற்கு முன்பே காற்றும் மழையும் சேர்ந்து அடித்தன. தாழ்வாரத்துக் கீற்று பிய்ந்து பறந்தது. வெளிப் பலகை ஆடியது. காயப்போட்ட துணியை எடுக்க ஓடுகிற மாதிரி அம்மா ஓடிப்போய் வெளி கிளாஸ்களையெல்லாம் எடுத்துவந்து, உள்ளே இருந்த அலமாரியில் கவிழ்த்து வைத்தாள். மழை விட்டதும் திருப்பி வைக்க நினைத்திருந்தாள். மழை விட்ட அதே நேரத்தில் சந்தைக்கூட்டம் வந்துவிட்டது. அப்பா அலமாரியில் கைக்கு வந்த கிளாசை எடுத்து டீ ஆற்ற ஆரம்பித்தார்.

மணியக்காரர் வந்தார். அந்தக் காலத்தில் கிராமத்தில் வரி வசூலும் அவர்தான், கிராமத்துக் காவலும் அவர்தான். ஊரில் குற்றம் நடந்தால் உடனே காவல் நிலையத்துக்கும் தாலுகாவுக்கும் எழுத்தில் தகவல் அனுப்ப வேண்டியது அவர் கடமை. அன்று அவருடன் ரெவின்யூ இன்ஸ்பெக்டர் வந்திருந்தார். சைக்கிளை வாசல் கல்தூணில் சாய்த்துவிட்டு உள்ளே வந்தார். பின்னால் மணியக்காரரின் ஆட்கள் இரண்டு பேர். அப்பா பெஞ்சைத் தோளில் கிடந்த துண்டால் துடைத்து, இரண்டு டீயைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்தார்.

இன்ஸ்பெக்டர்தான் முதலில் பார்த்தார். "இன்னா மணியக்காரரே, உங்க ஊர்லயே உங்களுக்கு அளவு கொறையுது? என் கிளாசப் பாருங்க, உங்க கிளாசப் பாருங்க."

எல்லோரும் சிரித்தார்கள். மணியக்காரரும் சிரித்தார். பாதி குடித்திருந்த கிளாசைத் தூக்கிப் பார்த்து, "ஏன்யா, என்னுது மட்டும் ஏன் குள்ளமா இருக்குது?" என்றார். அப்பா அசடு வழிந்தார்.

அப்போது வாசலில் திம்மராயன் வந்து நின்றார். வெளிப் பலகையில் கிளாசைக் காணாமல் உள்ளே எட்டிப் பார்த்தார். கதவு மறைவில் கிளாசைப் பிடித்திருந்த கை தெரிந்திருக்கும். கை யாருடையது என்று தெரிந்திருக்காது. முகமெல்லாம் மலர, ஊருக்கே கேட்கும்படி சொன்னார்:

"அட, எங் கெழவி உள்ள போயி பெஞ்சு மேல உக்காந்துட்டாளே! இனிமே நம்மள எங்க மதிக்கப் போறா?"

யாரும் சிரிக்கவில்லை. நான் உள்ளே தொட்டியில் கிளாஸ் கழுவிக்கொண்டிருந்தேன்.

மணியக்காரர் கிளாசை மெதுவாகக் கீழே வைத்தார். அப்பாவைப் பார்த்தார். அப்பாவின் கையிலிருந்த டீ வடிகட்டித் துணி அடுப்பில் விழுந்தது. "எனக்குத் தெரியாதுங்க சாமி. இவந்தாங்க, இவந்தான் மாத்தி வெச்சிருப்பான். திமிரு புடிச்சவன்" என்றார் அப்பா. அவ்வளவு சீக்கிரமாக அவர் வேறெந்த வேலையும் செய்து நான் பார்த்ததில்லை.

ஆட்கள் திம்மராயனை மயிரைப் பிடித்து இழுத்துக் கல்தூணில் மோதினார்கள். இன்ஸ்பெக்டரின் சைக்கிள் சரிந்து விழுந்தது. மாட்டுவண்டி முளைக்குச்சியால் முழங்காலுக்குப் பின்னால் அடித்து மண்டியிட வைத்தார்கள். எலும்பு உடைகிற சத்தம் காய்ந்த விறகு உடைகிற சத்தம் மாதிரியே இருக்கும். அதைப் பற்றிக் கதைகளில் எழுதுகிறவர்கள் வேறு ஏதேதோ சொல்கிறார்கள். "சாமி, நான் தொடல சாமி, நான் இப்பத்தான் வர்றேன்" என்று அவர் கத்தினார். அதுதான் உண்மை. அது அங்கே யாருக்கும் தேவைப்படவில்லை.

அம்மா கொல்லையிலிருந்து ஓடிவந்தாள். "நான்தான் எடுத்து உள்ள வெச்சேன்! மழைக்கு நான்தான் வெச்சேன்! அவன வுடுங்க!" என்று மணியக்காரரின் முகத்துக்கு நேராகச் சொன்னாள். மணியக்காரர் அவளைப் பார்க்கவில்லை. பெண்பிள்ளை வைத்தாள் என்றால் அவர் யாரை அடிப்பது? அப்பா அவள் வாயில் அறைந்தார். மறுபடியும் சொன்னாள். அப்பா கொதித்துக்கொண்டிருந்த டீச்சட்டியைத் தள்ளினாரா, அது தானாகக் கவிழ்ந்ததா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. அவளுடைய இடது மணிக்கட்டிலிருந்து முழங்கைவரை தோல் உரிந்து சுருண்டது. அவள் மூன்றாவது தடவையும் சொன்னாள்.

மணியக்காரர் வாசலுக்கு வந்து, மிச்ச டீயோடு கிளாசைக் கல்தூணில் அடித்து உடைத்தார். "ஒன் கெழவிதானே? மெல்லுடா" என்றார். ஒருவன் தாடையைப் பிடித்துத் திறந்தான். இன்னொருவன் கண்ணாடியைத் திணித்தான். பிறகு இரண்டு பேருமாகச் சேர்ந்து வாயை மூடி, கன்னத்தில் மிதித்தார்கள். இன்ஸ்பெக்டர் குனிந்து சைக்கிள் ஹாண்டில்பாரை நேராக்கிக்கொண்டிருந்தார். சந்தைக்கூட்டம் வரப்பில் நிற்கும் கொக்குகளைப் போல அசையாமல் நின்றது.

ஓசூர் ஆஸ்பத்திரிக்குப் போகும் சாலையில் மணியக்காரரின் ஆட்கள் நின்றார்கள். அதனால் திம்மராயனின் தம்பி அவரை வண்டியில் போட்டு எதிர்ப்பக்கமாக, எல்லையைத் தாண்டி மைசூர் ராஜ்யத்து சர்க்கார் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார். காலுக்குக் கட்டுப்போட்டார்கள். நாக்கில் தையல் போட்டார்கள். தைப்பதற்கு இருந்தவரைக்கும் போட்டார்கள். திரும்பி வந்தபோது அவர் பேச்சு, வாய் நிறையக் கூழாங்கல் வைத்துக்கொண்டு பேசுகிற மாதிரி இருந்தது. தமிழா தெலுங்கா கன்னடமா என்று பிரித்துச் சொல்ல முடியவில்லை.

அப்பா கருங்கல் பலகையைச் சம்மட்டியால் உடைத்துக் கிணற்றில் போட்டார். அம்மா புண் ஆறும் முன்பே என்னைக் கூப்பிட்டு உட்கார வைத்தாள். நான் அப்போது ஏழாவது படித்தேன். வீட்டில் எழுதத் தெரிந்தவள் நான் ஒருத்திதான். "எழுது. கிளாச உள்ள வெச்சது நானு. திம்மராயன் இல்ல. அவன அடிச்சது தப்பு. எங்க வந்து சொல்லணுமோ அங்க வந்து சொல்றேன்னு எழுது." நான் எழுதினேன். ஓசூர் சப் கலெக்டருக்கு. கீழே அம்மா கைநாட்டு வைத்தாள். அரசாங்க ஊழியத்தில் எத்தனையோ மனுக்களைப் படித்துவிட்டேன். தன்னைக் குற்றவாளியாகச் சேர்த்துக்கொள்ளச் சொல்லிக் கெஞ்சிய மனு அது ஒன்றுதான்.

அப்பாவுக்கு அது தெரிந்த அன்று அவளுடைய புண் கையையே பிடித்து முறுக்கினார். ஆனால் மனு போய்விட்டிருந்தது.

மனு எப்படிப் போகும் என்பது இப்போது எனக்குத் தெரியும். சப் கலெக்டர் அலுவலகத்திலிருந்து "விசாரித்து அறிக்கை அனுப்புக" என்று தாசில்தாருக்கு, தாசில்தாரிடமிருந்து அதே வாசகத்தோடு ரெவின்யூ இன்ஸ்பெக்டருக்கு, அவரிடமிருந்து மணியக்காரருக்கு. யார்மீது புகாரோ அவரிடமே அறிக்கை கேட்கக் கூடாது என்று நடைமுறை உண்டு. அந்த நடைமுறையை மீறுவதற்கும் ஒரு நடைமுறை உண்டு: படிக்காமல் அனுப்புவது.

விசாரணைக்கு அதே இன்ஸ்பெக்டர் வந்தார். அதே பெஞ்சில் உட்கார்ந்தார். டீ வேண்டாம் என்றார்.

"ஏம்மா, சம்பவத்த நீ பாத்தியா?"

"நீங்களும்தான் பாத்தீங்க சார்."

"நான் சைக்கிளப் பாத்துட்டு இருந்தேம்மா."

"சைக்கிள் மேல ரத்தம் தெறிச்சுதே, அதையாவது பாத்தீங்களா?"

அவர் பேனாவை மூடினார். "பொம்பள ரொம்பப் பேசுறா, பாத்துக்கய்யா" என்று அப்பாவிடம் சொல்லிவிட்டுப் போனார். அவர் போனபிறகு அப்பா பார்த்துக்கொண்டார்.

மைசூர் ராஜ்யத்து மருத்துவச் சான்றிதழை இணைத்து இன்னொரு மனு போட்டோம். அது கன்னடத்தில் இருப்பதாகவும், மொழிபெயர்ப்பு இல்லை என்றும், வேற்று ராஜ்ய மருத்துவரின் சான்றில் இந்த ராஜ்ய மருத்துவரின் மேலொப்பம் இல்லை என்றும் திரும்பி வந்தது. திருப்பி அனுப்பிய குமாஸ்தா வீட்டில் பேசியது கன்னடம் என்பது ஊருக்கே தெரியும். மொழிபெயர்த்தோம். மேலொப்பத்துக்கு அலைந்தோம். காயம் ஆறிவிட்டதால் மேலொப்பம் இட முடியாது என்றார்கள். அம்மா மறுபடி எழுதச் சொன்னாள். நான் மறுபடி எழுதினேன். "எங்க வந்து சொல்லணுமோ அங்க வந்து சொல்றேன்" என்ற வரியை மட்டும் ஒவ்வொரு மனுவிலும் மாற்றவிடமாட்டாள்.

திம்மராயன் சந்தை நாள்தோறும் நொண்டிக்கொண்டு வருவார். கடைக்கு வரமாட்டார், சாலைக்கு அந்தப் பக்கம் புளியமரத்தடியில் நின்று, கொல்லைப்பக்கம் பார்த்து, உள்ளங்கையை மேலாகத் திருப்பி ஆட்டுவார். பதில் வந்ததா என்று அர்த்தம். அம்மா இல்லை என்று தலையை அசைப்பாள். போய்விடுவார். களி விழுங்க முடியவில்லை, கூழ்தான் என்று அவர் மனைவி சொன்னாள். கிணற்றுக்குள் இறங்கும் கால் இல்லை. வாயில் ஒரு பக்கம் ஆறாமல் புரை வைத்துக்கொண்டே இருந்தது. உள்ளே இன்னும் கண்ணாடி இருக்கிறது என்று சைகையில் காட்டுவார். பார்த்து எடுக்க யாரும் இல்லை. இரண்டாவது மழைக்காலத்துக்குள் ஆள் பாதியாகிவிட்டார். ஆனாலும் வந்தார், கையைத் திருப்பினார்.

சென்ற வருடம் அந்த வழியாகக் காரில் போனேன். எங்கள் கடை இருந்த இடத்தில் ஏதோ தொழிற்சாலையின் சுற்றுச்சுவர். புளியமரம் சாலை அகலப்படுத்தியபோது போயிருக்க வேண்டும். வாசலில் தள்ளுவண்டிக்காரர் டீ விற்கிறார். எந்தெந்த மாநிலத்திலிருந்தோ வந்த பையன்கள் ஷிப்ட் முடிந்து நின்றுகொண்டே குடிக்கிறார்கள். எல்லோருக்கும் காகிதக் கப். குடித்ததும் கசக்கி எறிகிறார்கள். உள் வரிசையும் இல்லை, வெளி வரிசையும் இல்லை, கழுவிக் கவிழ்த்துவிட்டுப் போகும் வேலையும் இல்லை. சட்டத்துக்குத்தான் இந்த வெற்றி என்று யாராவது விழா எடுத்தால் நான் போகமாட்டேன். மணியக்காரர் பதவியை அரசாங்கம் ஒழித்துவிட்டது. அந்த மணியக்காரர் முழு ஓய்வும் மரியாதையும் அனுபவித்து, நோய்நொடி இல்லாமல், தன் படுக்கையில் செத்தார். அப்பா அவருக்கு முன்பே போனார். அம்மாவின் கையில் அந்தத் தழும்பு கடைசிவரை வெள்ளையாகச் சுருங்கியே கிடந்தது.

எங்கள் மனுவுக்குப் பதில் வராமல் போகவில்லை. யாரோ புதிதாக வந்த சப் கலெக்டர் பழைய கட்டுகளைப் பிரித்துப் படித்திருக்கிறார். படித்தவர் அவர் ஒருவர்தான். முகாம் நடத்தும் பயணியர் பங்களாவில் தாமே நேரடியாக விசாரிப்பதாக எழுதியிருந்தார். மனுதாரர் கட்டாயம் வரவேண்டும், அவர் சொல்வது பதிவுசெய்யப்படும் என்றிருந்தது. அம்மா அந்த வரியை என்னைத் திரும்பத் திரும்பப் படிக்கச் சொன்னாள். அதற்குக் கீழே, பாதிக்கப்பட்ட திம்மராயன் என்பவரும் உடன் ஆஜராகி நடந்தவற்றை வாய்மொழியாகத் தெரிவிக்க வேண்டும், தவறினால் மனு முடிக்கப்படும் என்றிருந்தது. அதை நான் ஒரு தடவைதான் படித்தேன்.

திம்மராயனை மார்கழிக் கடைசியில், கன்னம் வீங்கிக் கண் மூடிய நிலையில், ஏரிக்கு அந்தப் பக்கம் புதைத்திருந்தார்கள். கடிதம் எங்கள் கைக்கு வந்தது 1958 பிப்ரவரியில், சிவராத்திரிக்கு மறுநாள்.